வெள்ளைத் தீவுக்குப் போய் வந்த சட்டைகள்

ஆக்லாந்துக்கு வந்த முதல் வருடம் என் கணவரின் காற்சட்டை ஒன்று கொடியில் காயும்போதே முழங்காலில் கிழிந்து தொங்கியது. தோய்த்தபோது முழுசாகத்தான் இருந்தது. கையில் எடுத்து மெல்ல இழுத்தேன். ஈரக் கடதாசி மாதிரிப் பிரிந்து வந்தது. சட்டையில் தோள், முதுகு எங்கும் ஊசிமுனைப் பொத்தல்கள். காற்சட்டையின் ஸிப் பச்சை பிடித்து நகர மறுத்தது. வாஷிங் மெஷினில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்து, பக்கத்து வீட்டு அக்காவைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

அவர் மலேசியாவின் ஈப்போவிலிருந்து வந்து பல வருடங்களாக மவுண்ட் ரோஸ்கில்லில் இருப்பவர். எந்தக் கடையில் நல்ல வெண்டிக்காய், எந்த பஸ் எங்கே போகும் என்று எனக்குச் சொல்லித் தந்தவர் அவர்தான். காற்சட்டையை மூக்கருகே கொண்டுபோனார்.

“மெஷின் இல்லம்மா. இது ஏதோ ஆசிட். உன் வீட்டுக்காரரு என்னா வேலை செய்றாரு?”

“யுனிவர்சிட்டியில கருவியள் திருத்துற வேலை, அக்கா.”

“எந்தக் கருவி லா இப்படிச் சட்டையச் சாப்பிடுது?”

அன்று பின்னேரம் என் கணவர் வேலையால் வந்ததும் கேட்டேன். அவர் சிரித்தார். “அது கருவியின்ர வேலை இல்லையப்பா. தீவின்ர வேலை.”

யாழ்ப்பாணத்தில் அவர் ஒரு தொழிற்சாலையில் மின்கருவிகள் திருத்திக்கொண்டிருந்தார். சண்டை பெருத்து, கொழும்புக்கு வந்து, அங்கிருந்து இங்கே வந்து சேர்ந்தபோது, நிலநூல் படிப்பிக்கும் பகுதி ஒன்றில் அவருக்கு அதே மாதிரியான வேலை கிடைத்தது. நிலத்தின் நடுக்கத்தைக் காது கொடுத்துக் கேட்கும் கருவிகளைச் செய்வதும் திருத்துவதும்தான் வேலை. அவற்றில் சிலவற்றை வைட் ஐலண்டில் கொண்டுபோய் வைக்க வேண்டும். ஆராய்ச்சிக்காரர்களோடு அவரும் போவார். அது கட்டடத்துக்குள் செய்யும் வேலை என்றுதான் நான் அதுவரை நினைத்திருந்தேன்.

சாப்பாட்டு மேசையில் வைத்து எனக்கு அந்தத் தீவை விளங்கப்படுத்தினார். கடலுக்கடியில் பெரிய எரிமலை ஒன்று நிற்கிறது. அதன் உச்சி மட்டும்தான் தீவாக வெளியில் தெரிகிறது. மற்ற எரிமலைகளில் மேலே ஏறி நின்று வாயை எட்டிப் பார்க்க வேண்டும். இதில் ஒரு பக்கச் சுவர் இல்லாததால் கரையில் இறங்கி நேரே வாய்க்குள் நடந்து போகலாம். மாவோரி மக்கள் அதை ஃபகாரி என்கிறார்கள். எப்போதும் அதன் மேல் வெள்ளைப் புகைமேகம் நிற்பதால் பிறகு வந்த வெள்ளைக்காரக் கப்பல் தலைவன் வெள்ளைத் தீவு என்று பெயர் வைத்தான்.

“அங்க ஆக்கள் இருக்கினமோ?”

“முந்தி இருந்தவை. கந்தகம் வெட்டினவை. முதலாம் உலக யுத்தம் துவங்கின வருசம் குழியின்ர சுவர் சரிஞ்சு எல்லாரையும் மூடிப்போட்டுது. ஒரு பூனைதான் மிஞ்சினது.”

“பிறகு?”

“பிறகும் போய் வெட்டினவை. அதுவும் சரிவரேல்லை. இப்ப துருப்பிடிச்ச மெஷினும் சுவரும்தான் நிக்குது.”

எழுபதுகளின் நடுப்பகுதியிலிருந்து தீவு மறுபடி குமுறிக்கொண்டிருந்தது. ஒரு நாள் வெறும் நீராவி. இன்னொரு நாள் சாம்பல். இன்று நடந்த இடத்தில் அடுத்த முறை புதிய குழி திறந்திருக்கும்; குழிக்குள் பச்சை நிறத்தில் ஏரி தோன்றும், பிறகு காணாமல் போகும். அந்த ஆவியில் இருக்கும் அமிலம்தான் பருத்தித் துணியைத் தின்றது. செப்புக் கம்பியையும் தின்றது. அவர் பெட்டிகளைச் சிலிக்கோன் பூசி எவ்வளவு இறுக்கி மூடினாலும் சில மாதங்களில் உள்ளே பச்சை பூத்துவிடும். அதனால்தான் திரும்பத் திரும்பப் போக வேண்டியிருந்தது.

போனால் சில நாட்கள் வரமாட்டார். நாலு மணித்தியாலம் காரில் ஃபகடானே என்ற கடற்கரை ஊருக்கு. அங்கிருந்து வள்ளம். கடல் குழம்பினால் மோட்டலிலேயே காத்திருக்க வேண்டும். எனக்கு அப்போது இந்த ஊரில் அக்காவைத் தவிர ஆரையும் தெரியாது. தமிழ்ச் சனம் கோயிலுக்கும் பிறந்தநாளுக்கும் கூடும். மற்ற நாட்களில் அவரவர் வேலை, அவரவர் வீடு. மழை தகரக் கூரையில் விழும் சத்தம் மட்டும் வீட்டுக்குள் இருக்கும். அரிசி போடும்போது கை பழக்கத்தில் இரண்டு பேருக்கு எடுக்கும். பொத்தல் விழுந்த அவருடைய சட்டைகளை நான் எறியவில்லை. அவர் இல்லாத நாட்களில் அவற்றில் ஒன்றைப் போட்டுக்கொண்டு படுத்தேன். எத்தனை தரம் தோய்த்தாலும் கந்தக மணம் போகாது. வாணம் விட்ட மறுநாள் கோயில் வீதியில் நிற்கும் மணம் போல ஒன்று. முதலில் அது பிடிக்கவில்லை. பிறகு அது இல்லாமல் நித்திரை வரவில்லை.

ஒரு முறை புறப்படுகிறபோது கேட்டே விட்டேன். “சத்தத்தை விட்டு ஓடி வந்தனாங்கள். நீங்கள் சத்தத்தைத் தேடிப் போறியளே?”

அவர் சப்பாத்துக் கயிற்றைக் கட்டிக்கொண்டே சொன்னார். “அந்தச் சத்தம் ஆரையும் குறி வைச்சு வாறேல்லை. அதுதான் வித்தியாசம்.”

எனக்கு அப்போது அந்தப் பதில் போதவில்லை.

நான் கர்ப்பமாக இருந்த நேரம், ஒரு பின்னேரம் டிவி செய்தியில் அந்தத் தீவைக் காட்டினார்கள். விமானத்திலிருந்து எடுத்த படம். வெள்ளை மேகம் இல்லை. கரும் சாம்பல் தூண் ஒன்று எழுந்து கடல் பக்கம் சாய்ந்திருந்தது. அவர் அன்று காலை தீவுக்குப் போயிருந்தார். செய்தி வாசிப்பவர் வேகமாகச் சொன்ன ஆங்கிலம் எனக்குப் பாதிதான் விளங்கியது. அக்கா ஓடிவந்து என்னோடு இருந்தார். டிவிக்கும் போனுக்கும் நடுவில் நிலத்தில் இருந்தோம். அக்கா அவருடைய ஜெபத்தைச் சொன்னார். நான் என்னுடைய நல்லூர்க் கந்தனைக் கூப்பிட்டேன்.

போன் அடித்தது.

“இஞ்சரும், நான்தான். பயப்பிடாதையும். நாங்கள் வள்ளத்தில ஏறின பிறகுதான் அடிச்சது.”

ரிசீவரை அக்கா வாங்கி, “தம்பி, மொதல்ல வீட்டுக்கு வாங்க” என்று மட்டும் சொன்னார்.

மறுநாள் வந்தபோது காது மடல்களுக்குள்ளும் இமைமயிரிலும் சாம்பல். குளித்த தண்ணீர் சாம்பல் நிறமாக ஓடியது. துவாயைக் கொடுத்துக்கொண்டு, “இனிப் போகாதேங்கோ” என்றேன். வாக்குவாதத்துக்கு ஆயத்தமாக நின்றேன். அவர் என் வயிற்றைப் பார்த்தார். “ஓம்” என்றார். அவ்வளவுதான்.

பிறகு நியூ லின்னில் டிவியும் வீடியோ டெக்கும் திருத்தும் கடை ஒன்றில் வேலை எடுத்தார். இருட்டுவதற்குள் வீட்டுக்கு வருவார். சட்டைகள் கிழியவில்லை. மகள் பிறந்தாள். நான் ஆசைப்பட்டது எல்லாம் கிடைத்துவிட்டது என்று கொஞ்ச நாள் நினைத்தேன்.

அவர் குறை ஒன்றும் சொல்லவில்லை. பிள்ளையைக் குளிப்பாட்டுவார், என்னோடு சந்தைக்கு வருவார். ஆனால் கடையிலிருந்து வந்ததும் ஜன்னலருகே போய் மேகம் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று பார்ப்பார். செய்தியில் காலநிலை வரும்போது கதையை நிற்பாட்டிவிடுவார். ஞாயிற்றுக்கிழமைகளில் எங்களை மிஷன் பே கடற்கரைக்குக் கூட்டிப்போவார். எதிரே ரங்கிடோட்டோ தீவு இரண்டு பக்கமும் ஒரே மாதிரிச் சரிந்து, வரைந்து வைத்ததுபோல நிற்கும். அதுவும் எரிமலைதான், சில நூறு வருடங்களுக்கு முன்னால் கடலுக்குள்ளிருந்து எழும்பியது. அது வெடித்த காலத்தில் பக்கத்துத் தீவில் ஆட்கள் குடியிருந்தார்கள், சாம்பலில் அவர்களுடைய காலடியும் நாயின் காலடியும் பதிந்திருக்கின்றன என்று ஒரு நாள் சொன்னார்.

“சின்னப் பிள்ளையின்ர காலடியும் இருக்காம்” என்றார், மடியிலிருந்த மகளின் பாதத்தைப் பிடித்துக்கொண்டு.

“அவை தப்பினவையோ?”

“தப்பி, திரும்பியும் வந்தவை. அந்தச் சாம்பலுக்குள்ளயே தோட்டம் கொத்தியிருக்கினம்.”

அதைச் சொல்லும்போது அவர் குரலில் எவ்வளவு காலத்துக்குப் பிறகு ஒரு வெளிச்சம் வந்தது என்று எனக்கு அப்போதுதான் உறைத்தது.

பின்னொரு நாள், பழைய இடத்தில் அவரோடு வேலை செய்தவர் போன் எடுத்தார். கதைத்து முடித்துவிட்டு என் கணவர் பின்கதவுப் படியில் போய் இருந்தார். நான் தேத்தண்ணியைக் கொண்டுபோனேன்.

“என்னப்பா?”

“நான் கடைசியாச் செய்து வைச்ச பெட்டி போயிட்டுதாம்.”

“பழுதாப் போச்சோ?”

“இல்லை. அது நிண்ட இடமே இப்ப இல்லையாம். புதுக்குழி திறந்திட்டுது.”

அந்தக் குரலை நான் முன்பும் கேட்டிருக்கிறேன். எங்கள் வீட்டின் மேல் செல் குண்டு விழுந்ததென்று ஊரிலிருந்து செய்தி வந்த அன்றும் இப்படித்தான், ஒரு ஏற்ற இறக்கமும் இல்லாமல் சொன்னார். நான் அவர் பக்கத்தில் படியில் இருந்தேன். தேத்தண்ணி ஆறிப்போனது.

“எனக்கு அந்தத் தீவைக் காட்டுங்கோ” என்றேன்.

அவர் திரும்பிப் பார்த்தார். “உமக்கோ?”

“ஓம். எனக்குத்தான்.”

கோடை வந்ததும் மகளை அக்காவிடம் விட்டுவிட்டு ஃபகடானேக்குப் போனோம். ஆட்களைத் தீவுக்குக் கூட்டிப்போகும் வள்ளம் ஒன்றில் ஏறினோம். கரை மறைவதற்கு முன்பே அந்த மேகம் தெரிந்தது. வானத்தில் வேறு மேகம் ஒன்றுமில்லை. கிட்டப் போகப் போக மேகத்துக்குக் கீழே சாம்பலும் செம்மண் நிறமுமாகச் சுவர்கள் எழுந்தன. ஒரு பக்கச் சரிவில் மரங்கள் எலும்பாக நின்றன. பாறை ஒன்றில் கன்னெட் பறவைகள் கூட்டமாகக் குந்தியிருந்தன. காற்று எங்கள் பக்கம் திரும்பியதும் அந்த மணம் வந்தது. நான் போட்டுக்கொண்டு படுத்த சட்டைகளின் மணம். நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு அழுதேன். வள்ளக்காரர் எனக்குக் கடல் ஒத்துக்கொள்ளவில்லை என்று நினைத்து வாளியைக் கொண்டுவந்து வைத்தார். சற்று நேரத்தில் அதுவும் தேவைப்பட்டது.

இறங்க முடியவில்லை. இறங்கு துறையில் அலை எழும்பி எழும்பி அடித்தது. வள்ளக்காரர் இரண்டு முறை கிட்டப் போய்ப் பார்த்துவிட்டுக் கையை விரித்தார். குழியின் திறந்த வாய்க்கு முன்னால் வள்ளத்தை மெதுவாக்கி நிறுத்தினார்.

“இண்டைக்கு ஏலாது” என்றார் என் கணவர். பிறகு ஒரு கையால் என்னைத் தாங்கிக்கொண்டு மறுகையை நீட்டினார். அதோ துருப்பிடித்த தொழிற்சாலை. அதற்குப் பின்னால் மஞ்சள் மஞ்சளாகத் தெரிகிறதே, அது கந்தகம். நாங்கள் முளைகள் அடித்து நிலம் ஏறுகிறதா இறங்குகிறதா என்று பார்த்த இடம் அது. அந்தப் பக்கம் ஆவி பெருசாகக் கிளம்புகிறதே, அங்கேதான் என் பெட்டி நின்றது என்று காட்டிக்கொண்டே போனார். நான் தீவைப் பார்த்ததைவிட அவருடைய முகத்தைத்தான் கூடப் பார்த்தேன். கலியாணம் கட்டிய புதிதில் எங்கள் ஊரில், பழைய வானொலியைப் பிரித்து வைத்துக்கொண்டு எனக்கு ஒவ்வொன்றாகக் காட்டியபோது இருந்த முகம். அந்த முகத்துக்காகத்தான் நான் இவ்வளவு காலமும் ஏங்கியிருக்கிறேன். அவர் வீட்டில் இருந்த மாலைகளிலும்.

கரைக்கு வந்து, மர வாங்கில் உட்கார்ந்து மீனும் சிப்ஸும் சாப்பிட்டோம்.

“திரும்ப வேலைக்கு எடுப்பினமோ எண்டு கேட்டுப் பாருங்கோ” என்றேன்.

“உமக்குப் பயமில்லையோ?”

“பயம் கிடக்கு. அது கிடக்கட்டும். வீட்டில இருந்தும் நீங்கள் இல்லாமல் இருக்கிறதை என்னால பாக்க ஏலாது.”

அவர் என் கையிலிருந்த கடதாசிச் சுருளை வாங்கிக் கசக்கினார். “அப்ப கேட்டுப் பாப்பம்” என்றார்.

முழுநேர வேலை திரும்பக் கிடைக்கவில்லை. தேவைப்படும்போது கூப்பிடுகிறோம் என்றார்கள். கடை முதலாளியும் விடுப்புத் தரச் சம்மதித்தார். அந்த மாரியிலேயே முதல் அழைப்பு வந்தது. மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு நான் கையசைத்தேன். கார் தெருமுனையில் திரும்பியதும் அவள், “வேர் அப்பா கோயிங்?” என்றாள். “தீவுக்கு” என்றேன். அது என்ன, எங்கே என்று கேட்டுக் கேட்டு நாள் முழுக்க என் உயிரை எடுத்தாள். எனக்கு இந்த முறை சொல்லத் தெரிந்திருந்தது. அன்று பின்னேரம் மழை கொட்டத் தொடங்கியது. வீடு பழையபடி பெரிதாகிப் போனது. அவர் மோட்டலிலிருந்து போன் எடுத்தார்.

“இஞ்ச சரியான மழையப்பா. நாளைக்கும் வள்ளம் போகாது போல. எல்லாரும் திரும்பிப் போவம் எண்டு கதைக்கினம். வந்திடட்டோ?”

வாங்கோ என்று சொல்லத்தான் வாயெடுத்தேன். மகள் என் சேலைத் தலைப்பை இழுத்து, போனைக் கேட்டாள்.

“ஏன் அவசரப்படுறியள்?” என்றேன். “மழை விடும்மட்டும் நில்லுங்கோ. தீவில இறங்காமல் வந்திடாதேங்கோ.”