வந்துகினே கீது

தூதர் என்றால் கொஞ்சம் பெரிய கவுன்சிலர் என்றுதான் நான் நம்பியிருந்தேன். கவுன்சிலரின் மச்சானைத் தெரிந்தால் தெருவிளக்கு எரியும். தூதரின் அண்ணனைத் தெரிந்தால் விமானமே வரும். ஐம்பதைத் தாண்டியவன், தினமும் பேப்பர் படிக்கிறவன் இப்படி நம்பினானா என்று சிரிக்க வேண்டியவர்கள் சிரித்துக்கொள்ளலாம். முதலில் சிரித்தது என் மகள்தான்.

தூதரின் அண்ணனை எனக்குத் தெரியும். பூந்தமல்லியில் குழாய், வாஷ்பேசின், கக்கூஸ் சாமான் விற்கும் பெரிய கடை அவர்களுடையது. தாத்தா காலத்தில் ராஜஸ்தானிலிருந்து வந்த குடும்பம். ஒரு கடை மூன்றாகி, திருமழிசையில் கிடங்கும் எழும்பி, எங்கள் கள்ளிக்குப்பத்தில் பாதி வீடுகளுக்கு அவர்கள் விற்ற குழாயில்தான் தண்ணீர் வருகிறது. ஆனாலும் ஊருக்கு அது 'சேட்டு வீடு'தான். இளையவர் பரீட்சை எழுதி வெளியுறவுத் துறைக்குப் போனபோது, "கல்லாவுல உக்கார வேண்டியவன், கண்டவனுக்கும் கை குலுக்கப் போறான்" என்று அவர்கள் அப்பா தலையில் அடித்துக்கொண்டாராம். அந்தக் கண்டவனுக்குக் கை குலுக்கியவர் தூதர் ஆனதும் பஸ் நிலையத்துக்கு எதிரே பேனர் முளைத்தது: 'மண்ணின் மைந்தருக்கு வாழ்த்துகள்.' வைத்தவர்கள் எல்லாரும் அதுவரை அந்த வீட்டை வடக்கத்தியார் வீடு என்றவர்கள். மண்ணின் மைந்தர் ஆக மூன்று தலைமுறை போதாது போலிருக்கிறது. காரில் ஒரு கொடி வேண்டும்.

அவருடைய உத்தியோகம் முழுவதும் கல்லாவுக்கு மேலே சுவரில் தொங்கியது. முதல் படத்தில் ஒல்லியாக, இரவல் கோட்டு மாதிரி ஒன்றில், யாரோ அமைச்சருக்குப் பின்னால் ஃபைலோடு நிற்கிறார். அடுத்தது பாலைவன நாடு, லேசான தொப்பை. அதற்கடுத்து ஒரு தீவு. பக்கத்தில் ஒரு ஜனாதிபதி. அந்த ஜனாதிபதி பிறகு ஜெயிலுக்குப் போனார், படம் மட்டும் இறங்கவில்லை. எல்லாவற்றுக்கும் கீழே ஒரே வாசகம்: 'இரு நாட்டு உறவை வலுப்படுத்தியபோது.' நாடுகள் இருந்தபடியே இருந்தன. வலுத்ததெல்லாம் தொப்பை. கடைசிப் படத்தில் பனி, கம்பளித் தொப்பி, தூதர் பதவி. என் மகளை மருத்துவம் படிக்க அந்த நாட்டுக்கு நான் அனுப்பியதே அந்தப் படத்தை நம்பித்தான்.

இங்கே என் வீட்டுக் கக்கூஸ் ஃபிளஷ் தொட்டியின் மூடியைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். மகள் பத்தாவது படிக்கும்போது அது உடைந்தது. பச்சை நிறம்; அதே கம்பெனி மூடிதான் பொருந்தும். அண்ணன்காரரிடம் சொல்லிவைத்தேன். "வந்துகினே கீது, நைனா" என்றார். மகள் பன்னிரண்டு முடித்தாள், விமானம் ஏறினாள். மூடி வந்துகினே இருந்தது. தொட்டியின் மேல் இன்றும் ஒரு பிளைவுட் பலகைதான். அந்தக் கடையில் யாரும் 'இல்லை' சொல்ல மாட்டார்கள். இல்லாத சரக்கெல்லாம் வழியில் இருக்கிறது.

மகள் போன இரண்டாம் வருடம் அந்த நாட்டில் ஆட்சி கவிழ்ந்து, தெருவில் சுட்டுக்கொள்ள ஆரம்பித்தார்கள். விமான நிலையத்தை மூடிவிட்டார்கள். காலையில் போன் செய்தாள்.

"அப்பா, சீனியர்ஸ் பஸ் புடிச்சிருக்காங்க. பார்டர் வரைக்கும். இப்பவே கிளம்புது. எம்பசியில எங்கயும் போகாதீங்க, பிளைட் அனுப்புறோம்ங்கறாங்க. நான் ஏறட்டுமா, இருக்கட்டுமா?"

"ஏறாத! தூதர் நம்ம ஆளு. இரு, விசாரிச்சுகினே கீறேன்" என்றேன். விசாரிக்கவெல்லாம் இல்லை. கட்டிலுக்கு அடியில் ஒற்றைச் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தேன்.

மெட்ரோ தூண்களுக்கு நடுவே வண்டியை விரட்டிக்கொண்டு போய்க் கடை வாசலில் இறங்கினேன். கையில் மகளின் பாஸ்போர்ட் நகல், ஆதார், ரேஷன் கார்டு, எதற்கும் இருக்கட்டும் என்று கரண்ட் பில். ஹெல்மெட்டைக் கழற்றத் தோன்றவில்லை.

"இன்னா நைனா, கடைய கொள்ளையடிக்க வந்தியா?" என்றார் அண்ணன்காரர்.

"என் பொண்ணு அங்க கீதுபா! உன் தம்பிய புடி!"

என் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை விட்டுவிட்டு உடனே வீடியோவில் அழைத்தார். அதற்கு நான் நன்றியோடுதான் இருக்கிறேன். தம்பி திரையில் வந்தார், பின்னால் கொடி. நான் உளறி முடிக்கும்வரை, சுவரில் இருக்கும் அதே சிரிப்போடு கேட்டார்.

"பதற்றம் வேண்டாம். மாணவர்களின் பாதுகாப்பே எங்கள் முதல் கவனம். எல்லா மட்டங்களிலும் தொடர்ந்து பேசி வருகிறோம்" என்றார்.

"டேய், பேட்டி குடுக்காத. நம்ம ஏரியா ஆளுடா. பிளைட்டு உண்டா, இல்லியா?" என்றார் அண்ணன்.

தூதர் கழுத்து டையைத் தளர்த்தினார். குரலில் பூந்தமல்லி இறங்கியது.

"பயப்படாத அண்ணாத்தே. பிளைட்டு வந்துகினே கீது."

என் வீட்டுப் பச்சை மூடியும் இப்படித்தான் வந்துகினே இருந்தது. அண்ணன்காரர் என் பக்கம் திரும்பவே இல்லை. மேஜையில் கிடந்த ஒரு குழாயைத் திருகித் திருகிப் பார்த்தார். எத்தனை நாடு, எத்தனை ஜனாதிபதி, எத்தனை கோட்டு! கடைசியில் கல்லாவில் உட்காரப் பயின்ற பாடத்தைத்தான் மனுஷர் உலகம் முழுக்க விற்றிருக்கிறார். கொடி வைத்த காரில் போனதால் அதற்குப் பெயர் ராஜதந்திரம். நான் சொன்னால் மட்டும் புளுகு.

வெளியே ஓடிவந்து மகளை அழைத்தேன். ஹெல்மெட்டுக்கு மேலேயே போனை வைத்துக் கத்தினேன். ஒன்றும் கேட்காததால் இன்னும் கத்தினேன். டீக்கடைக்காரர் வந்து ஹெல்மெட்டைக் கழற்றிவிட்டார்.

"ஏறும்மா! பஸ்ஸுல ஏறு! பிளைட்டு கிடையாது!"

அந்தப் பக்கம் இரைச்சல். அதற்குள்ளிருந்து சிரிப்பு.

"ஏறி எவ்ளோ நேரமாச்சுப்பா. நீ 'விசாரிச்சுகினே கீறேன்'ன உடனே ஏறிட்டேன். உன்ன எனக்குத் தெரியாதா?"

தூதர் இப்போது அதைவிடப் பெரிய நாட்டில் இருக்கிறார். புதுப் படம் மாட்டியாயிற்று. அந்த விமானம் வரவே இல்லை. என் மகள் பஸ்ஸில் எல்லையைத் தாண்டி, பக்கத்து நாட்டில் டிக்கெட் வாங்கிக்கொண்டு வீடு வந்து சேர்ந்தாள்.