விரிசல்மேல் ஒட்டிய கண்ணாடி

வாடகை வீட்டில் வெள்ளம் புகுந்த அன்று நான் காப்பாற்றிய ஒரே பொருள் காலி கேஸ் சிலிண்டர். அதைத் தூக்கிப் பரணில் வைத்துவிட்டு, "எல்லாத்தையும் எடுத்தாச்சு, ஓடு ஓடு" என்று மனைவியை விரட்டினேன். பத்திரம், ரேஷன் கார்டு, அவளுடைய பட்டுச் சேலைகள் எல்லாம் கட்டிலுக்கடியில் ஊறிக்கொண்டிருந்தன.

அன்றைக்குப் பிடித்த கிலியில் கட்டியதுதான் இந்த வீடு. கரிவலம் ரோட்டில், முன்பு பருத்தி விளைந்த கரிசலில் பிளாட். எஞ்சினியர் என்னைவிட இருபது வயது சின்னவர்.

"அண்ணாச்சி, கரிசல் மழைக்கு ஊதும், வெயிலுக்குச் சுருங்கும். இன்னும் மூணடி தோண்டி சுக்கான் பாறையில நின்னாத்தான் வீடு நிக்கும்."

"தண்ணி மேலதான வருது தம்பி? கீழ என்ன இருக்கு? ஆழத்துக்குப் போடுறத ஒசரத்துல போடுங்க."

எட்டுப் படி ஏறித்தான் வீட்டுக்குள் போகவேண்டும். சங்கரன்கோவிலே முங்கினாலும் நான் வாசலில் உட்கார்ந்து காபி குடிப்பேன் என்று வந்தவர் போனவரிடமெல்லாம் பீற்றினேன்.

வெள்ளம் வரவில்லை. மழையே வரவில்லை. இரண்டு வருடம் காய்ந்த காய்ச்சலில் வீட்டைச் சுற்றி மண் வெடித்தது. எவ்வளவு ஆழம் என்று முழங்கை வரை விட்டுப் பார்த்தவன் நான். கை வெளியே வராமல் தெருவே கூடும்படி கத்தியவனும் நான். அப்புறம் படுக்கையறையில், ஜன்னல் மூலையிலிருந்து கூரை வரை சுவரில் ஒரு கோடு.

மனைவி எஞ்சினியரிடம் ஒன்றைத்தான் கேட்டாள். "இருக்கலாமா தம்பி, கிளம்பணுமா?"

அவர் விரிசலுக்குக் குறுக்கே விரல் நீளக் கண்ணாடித் துண்டை, இரு முனையிலும் சிமெண்ட் வைத்து ஒட்டினார். "இது ஒடையலேன்னா விரிசல் நின்னுட்டுன்னு அர்த்தம் மதினி. ஒடஞ்சிட்டுன்னா வீடு இன்னும் நகருது. அப்புறம் இங்கன படுக்காதீங்க."

ஒரு நாளைக்கு நாற்பது தடவை பார்த்தேன். மூன்றாம் நாள், பலமாக இருக்கிறதா என்று சும்மா விரலால் ஒரு அமுக்கு. டிக்.

"என்னங்க சத்தம்?" சமையலறையிலிருந்து குரல்.

"பல்லி."

வந்து பார்த்தாள். என் விரலிலிருந்து ரத்தம் சொட்டியது. "பல்லி கடிச்சிட்டோ?" என்று கட்டுப்போட்டாள். ஆனால் அவளுக்குச் சந்தோஷம். "வீட்டுக்கு ஒண்ணுமில்ல. ஒங்க வெரலுக்குத்தான் கொழுப்பு." அன்றே அந்த ஜன்னலுக்குத் திரைத்துணி எடுத்து வந்தாள்.

எஞ்சினியர் இரண்டாவது கண்ணாடியை ஒட்டினார். "அண்ணாச்சி, இத வீடுதான் ஒடைக்கணும். நீங்க ஒடைக்கப்படாது."

அதற்கப்புறம் கையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டுதான் அந்தச் சுவரைப் பார்ப்பது. விரல் காயம் ஆறித் தழும்பும் மறைந்தது.

ஒரு நாள் காலையில் எழுந்து பார்த்தால் கண்ணாடியின் நடுவே முடி மாதிரி ஒரு கோடு. நான் தொடவில்லை. மெய்யாகவே தொடவில்லை.

தைத்த திரைத்துணியோடு அவள் பின்னால் வந்து நின்றாள். "ஏங்க... தொட்டீங்களா?"

"தொட்டுட்டேன்டி."

"ஒங்கள என்னதான் செய்ய!" என்றாள். குரலில் அப்படி ஒரு நிம்மதி. "எங்க, வெரலக் காட்டுங்க. கிழிச்சிட்டா?"

கையை முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனேன். "லேசாத்தான்."

"காட்டுங்களேன்."

காட்டவில்லை. என்னைச் சுற்றி வந்து அவளும் பார்க்கவில்லை. திரைத்துணியை மடித்தாள், மடித்ததைப் பிரித்து மறுபடி மடித்தாள். பிறகு கட்டிலின் தலைமாட்டைப் பிடித்துக்கொண்டு, "கால்மாட்ட நீங்க பிடிங்க, நடுவீட்டுல போடுவோம்" என்றாள்.

இரண்டு கையாலும் பிடித்தேன்.