தோற்றவர்கள் எழுதிய கடிதங்கள்

இன்று காலை சிட்னியின் பென்டில் ஹில்லில், உக்ரைனின் மகளிர் சதுரங்கப் பட்டத்தை இரண்டு தரம் வென்ற ஒருவரைச் சந்திக்கக் கிடைத்தது. பெயர் ஸோரியானா, வயது நாற்பத்தாறு. ஜெஸீமா அன்ரியின் மைக்ரேஷன் ஒஃபிஸில், போட்டோகொப்பி மெஷினுக்குப் பக்கத்துக் கதிரையில் உட்கார்ந்து மீன் ரோல்ஸ் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அவரைப் பற்றி அன்ரி சொன்னதை, கேட்ட சூட்டோடு இங்கே தருகிறேன்.

ஜெஸீமா இலங்கையில் கல்முனைக்காரர். பதினேழு வருடமாக மற்றவர்களின் விசாப் படிவங்களை நிரப்பி வருகிறார். படிவம் என்று வந்துவிட்டால் எந்த மனிதரும் தன்னைக் குறைத்து எழுதுவதில்லை என்பது அவர் கண்ட அனுபவம். கடையில் பரோட்டா போட்டவர் சர்வதேச சமையல் நிபுணர் என்று எழுதிக்கொண்டு வருவார். பள்ளிக்கூடக் கணினி அறையைப் பூட்டித் திறந்தவர், தகவல் பாதுகாப்பில் ஒன்பது வருட அனுபவம் என்பார். ஜெஸீமா சிவப்புப் பேனாவை எடுத்து அவர்களைப் பழைய அளவுக்குக் கொண்டுவருவார்.

இந்த வருடம் மார்ச் மாதம் ஸோரியானா வந்தார். சண்டை தொடங்கிய வருடம் பொல்தாவா நகரத்தை விட்டு, ஒரு பையும் பன்னிரண்டு நோட்டுப் புத்தகங்களுமாக சிட்னிக்கு வந்தவர். பக்கத்துக் கிரவீனில் ஆஸ்பத்திரித் துணி வெளுக்கும் லாண்டரி ஒன்றில் படுக்கை விரிப்பு மடிக்கிறார். கையிலிருந்த தற்காலிக விசா முடிய இருபத்தாறு நாள் இருந்தது. அவருக்குப் பொருந்தியது ஒன்றே ஒன்று, திறமைசாலிகளுக்கான விசா. அதற்கு இரண்டு விஷயம் காட்ட வேண்டும். ஆள் உலகத் தரத்தில் திறமையானவர் என்பது ஒன்று. அவரால் ஆஸ்திரேலியாவுக்குப் பிரயோசனம் என்பது மற்றது.

உங்கள் சாதனைகளை ஒரு பக்கத்தில் எழுதிக்கொண்டு வாருங்கள் என்று ஜெஸீமா சொல்லி அனுப்பினார். ஸோரியானா எழுதிக்கொண்டு வந்தது இது:

"பத்தொன்பது வயதில் சாம்பியன் ஆனேன். கடைசிச் சுற்றில் எதிராளிக்குக் காய்ச்சல். பிறகு பன்னிரண்டு வருடம் நன்றாக ஆடினேன், ஒன்றும் கிடைக்கவில்லை. முப்பத்தொரு வயதில் மறுபடியும் சாம்பியன். அந்த ஆட்டத்தில் எதிராளி குதிரையை நகர்த்தியிருந்தால் நான் தோற்றிருப்பேன். அவர் நகர்த்தவில்லை. நாட்டு அணியில் ஆறு முறை ஆடினேன். நான்கு பெரிய தவறுகள், கீழே விவரம்."

கீழே விவரம் இருந்தது. ஒன்றரைப் பக்கம். ஆஸ்திரேலியாவுக்கு என்ன பிரயோசனம் என்ற கேள்விக்கு நேரே 'தெரியாது' என்று எழுதியிருந்தார்.

ஜெஸீமா அதை இரண்டு தரம் வாசித்தார். பிறகு தன் தொழில் வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருவரைப் பெரிதாக்கி எழுத உட்கார்ந்தார். ஒப்பற்ற வெற்றி, அசைக்க முடியாத சாதனை என்றெல்லாம் போட்டு முடித்து நீட்டினார். ஸோரியானா கையெழுத்துப் போட மறுத்துவிட்டார். அவருடைய ஆங்கிலம் சின்னது, நேரானது.

"இந்த ஆட்டம் இன்டர்நெட்டில் இருக்கிறது. யாரும் பார்க்கலாம். நான் தோற்றுக்கொண்டிருந்தேன்."

"விசா ஒஃபிஸர் செஸ் ஆட்டம் பார்க்கப் போவதில்லை."

"நான் பார்த்தேன்," என்றார் ஸோரியானா.

அந்தப் பன்னிரண்டு நோட்டுகளையும் ஜெஸீமா அன்றுதான் பிரித்துப் பார்த்தார். ஆறு வயதிலிருந்து ஆடிய ஒவ்வொரு ஆட்டமும், நகர்த்தல் நகர்த்தலாக, எதிராளியின் பெயரோடு. பிழையான நகர்த்தலுக்குப் பக்கத்தில் கேள்விக்குறி, அபாரமானதற்கு ஆச்சரியக்குறி. செஸ்காரர்கள் எல்லாரும் அப்படித்தான் குறிப்பார்களாம். ஸோரியானா தனக்குப் போட்ட கேள்விக்குறிகளை எண்ண முடியாது. ஆச்சரியக்குறி மொத்தம் ஒன்பது, ஒன்பதும் எதிராளிகளுக்கு.

இருபத்தாறு நாள் பதினான்காகக் குறைந்தது. படிவத்தில் இன்னமும் 'தெரியாது' இருந்தது.

அந்த வாரம் ஜெஸீமாவின் கணவர் அலியார் பகல் சோறு கொண்டுவந்தார். ஊரில் கச்சேரியில், அதாவது அரசாங்க ஒஃபிஸில், வேலை பார்த்த காலத்தில் செஸ்ஸில் கப் வாங்கியவர். இதைக் கல்யாணமான நாளிலிருந்து ஜெஸீமா கேட்டு வருகிறார். சாம்பியன் ஒருவர் ஒஃபிஸில் சும்மா உட்கார்ந்திருப்பதைக் கண்டதும் காரிலிருந்து பலகையை எடுத்து வந்துவிட்டார். பதினொரு நகர்த்தலில் தோற்றார். சோறு இன்னும் சூடாக இருந்தது.

ஸோரியானா எழுந்து போகவில்லை. காய்களைத் திரும்ப அடுக்கினார். ஆறாவது நகர்த்தல் வரைக்கும் வந்து நிறுத்தி, இந்த இடத்தில் நீங்கள் இப்படி ஆடியிருந்தால் எனக்குக் கஷ்டம் என்று காட்டத் தொடங்கினார். முக்கால் மணித்தியாலம் காட்டினார். ஆட்டம் முடிந்தால் தோற்றவரோடு உட்கார்ந்து அதைத் திரும்பப் பிரித்துப் பார்ப்பது அவருக்குக் கை கழுவுகிற மாதிரி ஒரு வழக்கம்.

அலியார் வெற்றி பெற்றவர் மாதிரி எழுந்து வந்தார்.

"ஜெஸீமா, ஆறாவதுல நான் வெண்டிரிப்பன். அவவே சொன்னா."

"நீங்க தோத்த மனிசன். போய்க் கைய கழுவிட்டு வாங்க."

"தோத்தா என்ன. முப்பது வருசமா எனக்கு ஒருத்தரும் இப்பிடி விளங்கப்படுத்தல்ல."

ஜெஸீமா கரண்டியை வைத்துவிட்டார். அலியார் இப்படிப் பேசி அவர் கேட்டதில்லை. தோற்றால் பலகையை மடித்து வைத்துவிட்டு இரண்டு நாள் பேசாமல் இருக்கிற ஆள். ஜெஸீமா ஸோரியானா பக்கம் திரும்பி, இந்த நாட்டில் இதுவரை எத்தனை பேரைத் தோற்கடித்திருக்கிறீர்கள் என்று கேட்டார்.

"இருநூற்றுப் பன்னிரண்டு. உங்கள் கணவரோடு இருநூற்றுப் பதின்மூன்று." கடைசி நோட்டில் எல்லாப் பெயரும் இருந்தது.

"எல்லாருக்கும் இப்படித் திருப்பிக் காட்டினீர்களா?"

"ஆட்டம் என்றால் அதுவும் சேர்த்துத்தானே," என்றார் ஸோரியானா. கேள்வி அவருக்கு விளங்கவில்லை.

ஸோரியானா சனிக்கிழமைகளில் ஆடுகிற செஸ் க்ளப்புகளுக்கு ஜெஸீமா ஃபோன் அடித்து, தோற்றவர்களுக்கெல்லாம் கடிதம் கேட்டுச் செய்தி போடச் சொன்னார். அலியாரும் ஒன்று எழுதினார். ஏஜென்டின் புருசன் எழுதினது செல்லாது என்று ஜெஸீமா அதை வாங்கி மேசை லாச்சிக்குள் வைத்துவிட்டார். பத்து நாளில் அறுபத்து மூன்று கடிதம் வந்தது. பிளாக்டவுனில் ஓய்வுபெற்ற ரயில் சாரதி ஒருவர் எழுதியிருந்தார்: 'இருபத்து நான்காவது நகர்த்தலில் தோற்றேன். அவர் விளக்கி முடித்தபோது என் ரயில் போய்விட்டது. ரயிலை விட்டது வாழ்க்கையில் அதுதான் முதல் தரம். வருத்தமில்லை.' தாதியாக வேலை செய்யும் ரஞ்சினி இரண்டே வரி எழுதியிருந்தார்: 'பதினொரு தரம் தோற்றிருக்கிறேன். பன்னிரண்டாவது எப்போது என்று தயவுசெய்து கேட்டுச் சொல்லுங்கள்.' பாதிப் பேர் தாங்கள் எங்கே வென்றிருக்கலாம் என்று படம் வரைந்து இணைத்திருந்தார்கள்.

'தெரியாது' என்ற சொல்லை அழித்துவிட்டு, 'இணைப்பைப் பார்க்கவும்' என்று ஜெஸீமா எழுதினார்.

ஸோரியானா அறுபத்து மூன்றையும் வாசித்தார். அங்கேயே உட்கார்ந்து, வேலைக்குப் போகாமல் வாசித்தார். பிறகு ஒரு வெள்ளைத் தாள் கேட்டார். நன்றிக் கடிதமாக்கும் என்று ஜெஸீமா நினைத்தார். அது திருத்தப் பட்டியல். ரயில் சாரதி தோற்றது இருபத்து ஆறாவது நகர்த்தலில், இருபத்து நான்கில் அல்ல. இப்படிப் பதினேழு திருத்தம். அதையும் சேர்த்து அனுப்பினால்தான் கையெழுத்துப் போடுவேன் என்றார். விசா முடிய மூன்று நாள் இருந்தது. ஜெஸீமா அதையும் சேர்த்தார். ஸோரியானாவின் தவறுகளின் ஒன்றரைப் பக்கமும் அப்படியே போனது.

அதன் பிறகு எட்டு மாதம். இடைக்கால விசாவில் படுக்கை விரிப்பு மடித்துக்கொண்டு, சனிக்கிழமைகளில் ஆட்களைத் தோற்கடித்துக்கொண்டு ஸோரியானா இருந்தார். ஒரு தரம்கூட என்ன ஆச்சு என்று கேட்கவில்லை. ஜெஸீமாதான் ஒவ்வொரு நாளும் விடியற்காலை சுபஹு தொழுதுவிட்டு ஈமெயிலைத் திறந்து பார்த்தார்.

இன்று காலை ஒன்பதே காலுக்குப் பதில் வந்தது. கிடைத்துவிட்டது, நிரந்தரமாக. ஜெஸீமா ஃபோன் அடித்து, உடனே வாருங்கள் என்றார். ஸோரியானா லாண்டரி உடுப்போடு வந்து, திரையில் இருந்ததை மூன்று தரம் வாசித்தார்.

"ஆட்டம் சமநிலையில் முடியும் என்று நினைத்திருந்தேன்," என்றார்.

பிறகு பையிலிருந்து புதிதாக வாங்கிய பதின்மூன்றாவது நோட்டை எடுத்துத் திகதி போட்டு ஒரு வரி எழுதி, ஜெஸீமா பக்கம் திருப்பிக் காட்டினார். உக்ரைன் எழுத்து. ஜெஸீமாவுக்கு ஒன்றும் வாசிக்கத் தெரியவில்லை. எதிராளியின் பெயர் வருகிற இடத்தைத் தொட்டு, "நீங்கள்," என்றார் ஸோரியானா. நகர்த்தல் வருகிற இடத்தைத் தொட்டு, "கடிதங்கள்," என்றார். அதற்குப் பக்கத்தில் ஓர் ஆச்சரியக்குறி இருந்தது. பத்தாவது.

ஜெஸீமா எழுந்து போய் மீன் ரோல்ஸைச் சூடாக்கினார். கொஞ்ச நேரம் திரும்பி வரவில்லை.

சனிக்கிழமை பகல் இரண்டு மணிக்குப் பென்டில் ஹில் சமூக மண்டபத்தில், ஜன்னலோரக் கடைசி மேசையில் ஸோரியானா இருப்பார். செஸ் தெரிந்தவர்கள், தெரிந்ததாக நினைப்பவர்கள், ஒருமுறை போய்த் தோற்றுவிட்டு வாருங்கள். அடுத்த மாதம் மெல்பேர்னில் ரோவில் பக்கமும் ஆட வருகிறார். அங்கே சொந்தக்காரர் உள்ளவர்கள் இதை அவர்களுக்கு அனுப்பிவிடுங்கள். திரும்புகிற ரயிலை மட்டும் கொஞ்சம் பிந்தியதாகப் பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.