கோட்டுப் போட்ட அட்டை

கார் ஓட்டும் உத்தேசம் எனக்கு அன்றும் இல்லை, இன்றும் இல்லை. அபுதாபி பக்கம் ருவைஸுக்கு நர்ஸாக வந்த புதிதில், லைசென்ஸ் இல்லாத என்னிடம் போகிற இடமெல்லாம் எமிரேட்ஸ் ஐடி அட்டை கேட்டார்கள். எரிச்சல் தாங்காமல், டியூட்டி முடிந்த கையோடு வெள்ளை யூனிஃபார்மிலேயே அதற்குப் படம் எடுக்க ஸ்டுடியோவுக்குப் போனேன். பின்னாலும் வெள்ளைத் திரை. கம்ப்யூட்டரில் என் தலை மட்டும் அந்தரத்தில் நின்றது.

"நர்ஸுங்க எல்லாரும் இப்படித்தான் வர்றீங்க, தங்கச்சி" என்ற கீழக்கரைக் கடைக்காரர், கதவுக்குப் பின்னால் தொங்கிய கறுப்புக் கோட்டை நீட்டினார். ஆண்கள் கோட்டு. யாருடைய அத்தரோ மணத்தது. கிழிந்த காலரை வெள்ளை நூலால் தைத்திருந்தார்கள். வேறு வழியில்லாமல் மாட்டிக்கொண்டேன்.

அட்டை வந்ததும் ரூமில் காட்டினேன். சொந்தக் காரில் டியூட்டிக்குப் போகும் குளச்சல்காரி விழுந்து விழுந்து சிரித்தாள்.

"எட்டி, நீ எப்ப வக்கீலான?"

"உன் கார்டக் காட்டு, பாப்போம்."

லைசென்ஸை நீட்டினாள்.

"அது வேண்டாம். ஐடி."

தயங்கித் தயங்கி எடுத்தாள். கறுப்புக் கோட்டில் விறைப்பாக உட்கார்ந்திருந்தாள். காலரில் அதே வெள்ளைத் தையல்.

அன்றிலிருந்து அவள் காரின் முன்சீட்டு எனக்குத்தான்.