ரூத் போட்ட ரிவர்ஸ்

ரூத்துக்கு வாய் அதிகம் என்று ராயபுரமே சொல்லும். ஒன்பது வருஷம் ஷேர் ஆட்டோ ஓட்டியவளுக்கு வாய் இல்லாவிட்டால் ஆள் எப்படி ஏறும்? அந்த ஆட்டோவை விற்று, ஹெவி லைசென்ஸ் எடுத்து, எண்ணூரில் ஒரு கண்டெய்னர் யார்டில் டிரெய்லர் ஓட்டப் பழக வந்திருந்தாள். மாதக் கடைசி வெள்ளிக்கிழமை டெஸ்ட். நாற்பதடி டிரெய்லரை இரண்டு வரிசை டிரம்களுக்கு நடுவே, எதிலும் உரசாமல், ரிவர்ஸில் கொண்டுபோய் நிறுத்த வேண்டும். தேறினால் வேலை நிரந்தரம். தேறாவிட்டால், விற்ற ஆட்டோ திரும்பி வரப்போவதில்லை.

முன்னால் ஓட்டுவது அவளுக்கு ஜுஜுபி. பின்னால் போவதுதான் பேஜாரு. டிரெய்லரின் வால் இடது பக்கம் போக, ஸ்டியரிங்கை வலது பக்கம் ஒடிக்க வேண்டும். புத்திக்கு இது ஒரே நாளில் புரிந்துவிட்டது. கைக்குப் புரிய மூன்று வாரம் ஆயிற்று. அதுவரை எத்தனை டிரம் உருண்டது என்று அவளிடம் கேட்காதீர்கள், கோபம் வரும்.

டெஸ்ட் வாரம், திங்கட்கிழமை காலை. வீட்டில் கேஸை மூடினோமா இல்லையா என்று யோசித்துக்கொண்டே ரிவர்ஸ் எடுத்தாள். கண்ணாடியில் பார்த்தால் வண்டி கச்சிதமாக நடுவில் நிற்கிறது! மறுபடி எடுத்தாள், மறுபடியும் நின்றது. அவளுக்கே ஆச்சரியம் தாங்கவில்லை. யாரோ இரவல் கொடுத்ததுபோல் தன் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

கூடப் பழகும் மலிகா விடுவாளா? “யக்கா, எப்டிக்கா? எனக்கும் சொல்லிக்குடேன்.”

“இன்னாமே, இது ஒரு மேட்டரா? டிரம்மு கண்ணாடில தெரிஞ்சதும் அரைச் சுத்து. அப்பால கால் சுத்து. வாலு திரும்புறப்போ நேரா புடி.”

அப்படித்தான் செய்கிறோமா என்று ரூத்துக்கே சந்தேகம் வந்தது. அடுத்த ரிவர்ஸில் கைகளையே கவனித்தாள். அரைச் சுத்தா, முக்காலா? டிரம் உருண்டது. செவ்வாய், புதன், வியாழன் மூன்று நாளும் உருண்டுகொண்டே இருந்தது.

வெள்ளிக்கிழமை சூப்பர்வைசர் ஜெரால்ட் கையில் ஃபாரத்தோடு வந்தார். “பதறாதம்மா. ஒவ்வொண்ணா யோசிச்சுச் செய்.”

அதைத்தான் செய்யக் கூடாது என்று பாவம் அவருக்கு எங்கே தெரியும்? வண்டி நகர்ந்ததுமே அவள் வாய் ‘அரைச் சுத்து’ என்று முணுமுணுக்க ஆரம்பித்தது. இந்த வாய்க்கு வேறு வேலை கொடுத்தால்தான் கை பிழைக்கும் என்று தோன்றியது. ஜன்னலில் தலையை நீட்டி, ஷேர் ஆட்டோவுக்கு ஆள் கூப்பிடுவதுபோல் கத்தினாள்.

“டோல்கேட்! தேரடி! விம்கோ நகர்! எண்ணூர்! ஏறு ஏறு, எடம் கீது!”

யார்டே சிரித்தது. அவள் நிறுத்தவில்லை. இரண்டாம் முறை ‘எண்ணூர்’ என்று கத்தியபோது வண்டி நின்றிருந்தது. ஜெரால்ட் சுற்றி வந்து பார்த்தார். இரண்டு பக்கமும் ஒரே அளவு இடைவெளி.

“எப்படிம்மா செஞ்ச?”

ரூத் வாயைத் திறந்தாள். உடனே மூடிக்கொண்டாள்.

“கேக்காதீங்க சார். மொதல்ல கையெழுத்துப் போடுங்க. சொன்னா கை மறந்துடும்.”