கிழக்கே பார்த்து நின்றால் திமிங்கலம் தெரியாது

எனக்கும் கடலுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. பெரியநாயக்கன்பாளையத்தில் பம்பு செட்டுக்கு உதிரிபாகம் கடைகிற லேத் பட்டறை வைத்திருக்கிறேன். கடல் பார்க்க வேண்டுமென்றால் பாலக்காட்டைத் தாண்டிப் போக வேண்டும். போனதில்லை. ஆனால் போன வருஷம் ஞாயிற்றுக்கிழமை சாயங்காலங்களில் திமிங்கலம், டால்பின் பற்றி டிவியில் ஒரு தொடர் தமிழில் வந்தது. அதில் போய் விழுந்துவிட்டேன்.

பின்னணிக் குரல் கொடுத்தவனை மட்டும் பிடிக்கவில்லை. "கடலின் மாமன்னன் இதோ வருகிறான்" என்று கட்சி மேடையில் பேசுவது போலக் கத்துவான். அடுத்த நிமிஷமே அது குட்டிக்குப் பால் கொடுக்கிறது என்பான். மன்னன் எப்படியடா பால் கொடுப்பான் என்று டிவியைப் பார்த்துத் திட்டுவேன்.

திமிங்கலத்தின் தலையில் மூச்சு விட ஒரு துளை இருக்கிறது. மேலே வந்தால் திறக்கும், முங்கினால் மூடும், ஒரு சொட்டு உள்ளே போகாது. நான் இருபத்தைந்து வருஷமாகக் கிணற்று மோட்டாருக்கு, ஏறின தண்ணீர் திரும்ப இறங்காமல் தடுக்கிற ஃபுட்வால்வு செய்கிறேன். எத்தனை வாஷர் மாற்றினாலும் ஆறு மாதத்தில் ஒழுகுகிறது என்று யாராவது தூக்கிக்கொண்டு வந்துவிடுவார்கள். அந்தத் துளையைப் பார்த்தால் வயிறு எரியும்.

கடைசி வாரத்துக்கு முந்தின வாரம், வலையில் சிக்கி மீண்ட குட்டி ஒன்று மேலே எழும்பத் தெம்பில்லாமல் தண்ணீருக்குள் அமிழ்ந்தது. தாய் அடியில் போய் முதுகால் முட்டியது. அத்தோடு 'தொடரும்' போட்டுவிட்டான். அந்த வாரம் முழுக்கப் பட்டறையில் எல்லோர் மேலும் எரிந்து விழுந்தேன்.

கடைசி வாரம் டிவி முன்னால் உட்கார்ந்து பத்து நிமிஷம் ஆகவில்லை, வாசலில் கார் நின்றது. என் மனைவியின் அண்ணனும் அவர் மனைவியும் இறங்கினார்கள். கையில் கல்யாணப் பத்திரிகை வைத்த தாம்பாளம்.

மச்சான் எங்கள் வீட்டுப் படியேறி இரண்டு வருஷம் ஆகியிருந்தது. காரணம் என் வாய். காரமடைப் பக்கம் புது வீடு கட்டினார். கிரகப்பிரவேசத்தன்று சொந்தக்காரர்கள் எல்லோரும் இருக்கும்போது, "ஊடு எப்படிங்க மாப்ள இருக்குது?" என்று கேட்டார். "நீளமா, கோழிப் பண்ணையாட்ட இருக்குதுங்க மச்சான்" என்றேன். அவர் தொழிலே கோழிப் பண்ணை. அப்படித்தான் இருந்தது, சொன்னேன். அதோடு பேச்சுவார்த்தை நின்றது. அண்ணன் மகளுக்குக் கல்யாணம் நிச்சயமானதே என் மனைவிக்கு யாரோ சொல்லித்தான் தெரியும். அன்று அவள் சாப்பிடவில்லை. பத்திரிகை வருமா வராதா என்று ஒரு மாதமாக வாசலையே பார்த்துக்கொண்டிருந்தாள். இதையும் நான் கெடுத்தால் அவளுக்குப் பிறந்த வீடு என்று ஒன்று இனி கிடையாது.

"ஏனுங்க, டிவிய அமத்துங்க" என்று பல்லைக் கடித்தாள். நான் சத்தத்தை மட்டும் நிறுத்தினேன்.

மச்சான் உட்காரவில்லை. "நேரமில்லீங்க. இன்னும் ஆறு ஊட்டுக்குப் போகோணும்" என்று சுவரைப் பார்த்துச் சொன்னார்.

எங்கள் வழக்கத்தில் பத்திரிகையைப் புருஷனும் பெண்டாட்டியும் சேர்ந்து கிழக்கே பார்த்து நின்று வாங்க வேண்டும். எங்கள் டிவி மேற்குச் சுவரில் இருக்கிறது. நின்றோம். திமிங்கலம் என் முதுகுக்குப் பின்னால் போய்விட்டது.

மச்சான் தாம்பாளத்தை நீட்டினார். பிடித்தேன். அவர் விடவில்லை. லேசாக இழுத்தேன். அப்போதும் விடவில்லை. மனசு மாறித் திரும்ப எடுத்துக்கொண்டு போகப் போகிறார் என்று நினைத்தேன். நிமிர்ந்தால், அவர் கண் என் தோளுக்கு மேலே நிலைத்திருந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது.

"மச்சான், குட்டி மேல வந்துருச்சுங்களா?" இரண்டு வருஷத்துக்குப் பிறகு அவரிடம் நான் பேசிய முதல் பேச்சு.

"இல்லீங்க மாப்ள. தாய் தூக்குது, வழுக்கி உழுந்துருது."

திரும்பிப் பார்க்கப் போனேன். மனைவி முழங்கையைக் கிள்ளினாள். கிழக்கே பார்த்தே நின்றேன்.

"இப்பங்க?"

"இன்னொண்ணு வருது. ரண்டும் சேர்ந்து முட்டுது. கொஞ்சம் பொறுங்க."

"தட்டத்தக் குடுத்துப்போட்டுப் பாருங்க, நல்ல நேரம் போகுது" என்றாள் அவர் மனைவி. என் மனைவியிடம், "ஊட்லயும் இதே கதைதான் அம்மணி. இன்னைக்கு அழைக்கப் போலாம்னு சொன்னதுக்குக் காலைல இருந்து மூஞ்சியத் தூக்கி வெச்சுட்டு இருக்கறாரு" என்றாள்.

"நானு எங்க மேல கோவம்னு நெனச்சனுங்க" என்றாள் என் மனைவி.

"அதுவுந்தான் இருக்குது."

மச்சான் நீளமாக மூச்சு விட்டார். "குட்டி மூச்சு உட்டுருச்சுங்க மாப்ள. ஆளுயரத்துக்குத் தண்ணியப் பீச்சுது." தாம்பாளம் என் கைக்கு வந்தது.

"அது தண்ணி இல்லீங்க மச்சான், மூச்சோட ஆவி" என்றேன். மனைவி மறுபடியும் கிள்ளினாள்.

அவர் அதற்குள் டிவிக்கு நேராக என் நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். சத்தம் வைத்தேன். மாமன்னன் என்று குரல்காரன் ஆரம்பித்ததும் இரண்டு பேரும் ஒன்றாகத் திட்டினோம். தொடர் முடியும் வரை அவர் எழுந்திருக்கவில்லை. ஆறு வீடும் காத்துக் கிடந்தன.

"உங்க டிவி சின்னதுங்க மாப்ள" என்றார் கடைசியில். "எங்கூட்டுது பெருசு. கோழிப் பண்ணைல எடத்துக்கென்ன பஞ்சம்?"

பதில் சொல்ல வாயைத் திறந்தேன். மனைவி காப்பித் தம்ளரைக் கையில் திணித்தாள். ஒரு மாதத்துக்குப் பிறகு அன்றுதான் அவள் முகம் தெளிந்திருந்தது. குடித்தேன். சர்க்கரையே போடவில்லை. சொல்லவில்லை.