தொடாத தேத்தண்ணி

நாங்கள் புலம்பெயர்ந்து வாழும் லாங்கன்தால் நகரில் எங்கள் வீட்டு மணியை அடித்த இரண்டு அமெரிக்கப் பெண்களும் மோர்மன் மதம் பரப்ப வந்தவர்கள். உட்காரவைத்துத் தேத்தண்ணி கொடுத்தேன். வேண்டாம் என்றார்கள். ஊரில் எங்களைக் குறைந்த சாதி என்று நினைத்தவர்கள் எங்கள் கோப்பையில் வாய் வைக்கமாட்டார்கள். எனக்குக் கோபம் தலைக்கேறியது.

"எங்கட கை பட்டால் தீட்டோ?" என்று தெரிந்த ஜேர்மனில் கத்தினேன்.

மூத்தவள் பதறிவிட்டாள். தேத்தண்ணியும் கோப்பியும் அவர்கள் மதத்தில் விலக்காம். தண்ணீர் கேட்டு வாங்கி, இருவரும் ஒரு சொட்டு விடாமல் குடித்தார்கள். பிறகு மூத்தவள் தன் முன்னோரின் கதையைச் சொன்னாள். இந்த மதத்துக்காகவே மற்றவர்கள் அவர்களின் வீடுகளை எரித்து, மாநிலம் மாநிலமாகத் துரத்தினார்களாம். இன்று அதே அமெரிக்காவின் பாராளுமன்றத்தில் அவர்கள் ஆட்கள் இருக்கிறார்களாம்.

"பெரிய ஆக்களாய் வந்தாப்பிறகு நீங்கள் ஆரைத் தள்ளி வைச்சனீங்கள்?" விடாமல் கேட்டேன்.

"கறுப்பின ஆண்களைக் கனகாலம் குருமாராக விடவில்லை. அது பிழை," என்றாள்.

நான் மதம் மாறவில்லை, மாறவும் மாட்டேன். ஆனால் தன் ஆட்களின் பிழையை அப்படி முகத்துக்கு நேரே ஒத்துக்கொண்டவரை எங்களுக்குள் நான் கண்டதில்லை.

பன்னிரண்டு வருடமாக வந்துபோகும், எங்கள் ஊரைச் சேர்ந்த பக்கத்து வீட்டு அக்கா, எதைக் கொடுத்தாலும் "இப்பத்தான் குடிச்சிட்டு வாறன்" என்பார். நானும் சிரித்துச் சமாளிப்பேன். அவரிடம் கேட்கவேண்டியதைத்தான் அந்தப் பிள்ளைகளிடம் கத்தியிருக்கிறேன்.

அடுத்த முறை அக்கா அதையே சொன்னபோது, ஒரு கிளாஸ் தண்ணீரை முன்னால் வைத்தேன்.

"அப்ப தண்ணியாவது குடியுங்கோ அக்கா. நான் பார்த்துக்கொண்டு இருக்கிறன்."